நீ எழுதிய செக், அவள் நின்ற கூண்டு

ஸ்பிரிங்வெளி,
பதுளை.
ஞாயிற்றுக்கிழமை.

அன்பு மகன் துஷாந்துக்கு அம்மா எழுதுவது. இங்கே அப்பாவும் நானும் மருமகள் நிரஞ்சலாவும் பேத்தி கேஷனாவும் மாரியம்மன் துணையால் கைகால் சுகத்தோடு இருக்கிறோம். அதுபோல நீயும் அந்த வெயில் தேசத்தில் நோய்நொடி இல்லாமல், வேளைக்குச் சாப்பிட்டு, தண்ணீர் நிறையக் குடித்து இருக்க வேண்டும் என்று விளக்கேற்றும்போதெல்லாம் கேட்டுக்கொள்கிறேன். இந்தக் காலத்தில் கடிதமா என்று நீ நினைப்பாய். என்ன செய்வது, போன் போட்டால் நீ எடுப்பதில்லை, வாட்ஸ்அப்பில் பேசி அனுப்பினால் கேட்டதற்கு அடையாளம் விழுகிறது, பதில் வருவதில்லை. ஹல்துமுல்லை வீரய்யா லீவு முடிந்து வியாழக்கிழமை கட்டாருக்குத் திரும்புகிறார், உன் கேம்புக்குப் பக்கத்துக் கேம்பில்தான் இருக்கிறேன் என்று சொன்னார். நாளைக் காலை பதுளைக்கு ஒரு வேலையாக வருகிறாராம், அப்பா பஸ் ஸ்டாண்டுக்குப் போய் இதையும் மிளகாய்த்தூளையும் கருவாட்டுப் பொட்டலத்தையும் அவர் கையில் கொடுப்பார். போனை எடுக்காமல் இருக்கலாம், இன்னொருவர் கொண்டு வந்து கையில் வைக்கும் காகிதத்தைப் பிரிக்காமல் இருக்க முடியாது அல்லவா, அந்த நம்பிக்கையில் எழுதுகிறேன். எழுத உட்கார்ந்து மூன்று நான்கு தரம் எழுந்துவிட்டேன். ஒரு தரம் அடுப்பைப் பார்க்க, ஒரு தரம் காயப்போட்ட துணியை எடுக்க, மற்ற தரமெல்லாம் எதற்கு எழுந்தேன் என்று எனக்கே தெரியவில்லை.

முதலில் நல்லதைச் சொல்லிவிடுகிறேன். நிரஞ்சலா மேல் இருந்த செக் வழக்கைப் பதுளை மேல் நீதிமன்றம் போன செவ்வாய்க்கிழமை இரத்துச் செய்துவிட்டது. இனி அவள் அந்தக் கூண்டில் ஏற வேண்டியதில்லை. ஆனால் அது எப்படி இரத்தானது என்பதை நீ ஊரார் வாயால் கேட்கக் கூடாது, என் கையெழுத்தில்தான் வாசிக்க வேண்டும், ஏனென்றால் அதைச் செய்தவள் நான். முழுதும் வாசி மகனே. பாதியில் கோபம் வரும். வந்தாலும் மடித்து வைத்துவிடாதே, ஒரு டம்ளர் தண்ணீர் குடித்துவிட்டு மிச்சத்தையும் வாசி.

நீ போன பிறகு இங்கே நடந்ததில் உனக்குத் தெரிந்தது கால்வாசிதான். உன் மனம் அங்கே குலையக் கூடாது என்று அவள்தான் சொல்ல விடவில்லை. வெள்ளைக்காரர்களைத் தங்க வைக்க எல்லவில் நீ வாடகைக்கு எடுத்த வீட்டுக்கு மர்ஸூக் முதலாளியின் கடையில் வாங்கிய கட்டில், மெத்தை, குளிர்சாதனப் பெட்டி எல்லாவற்றுக்கும் கொடுத்த செக் மூன்றும் அடுத்தடுத்துத் திரும்பி வந்தன. அவர் முதலில் உனக்குப் போன் போட்டிருக்கிறார், பிறகு நம் வீட்டுக்கு ஆள் அனுப்பினார், பிறகு பொலிஸில் முறைப்பாடு கொடுத்தார். செக்கில் இருப்பது நிரஞ்சலாவின் பெயரும் அவள் கையெழுத்தும். உனக்கு வேன் லீசிங் கடன் கட்டாத பிரச்சினை இருந்ததால் வங்கிக் கணக்கை அவள் பெயரில் திறந்தீர்கள் என்பதெல்லாம் பொலிஸுக்கு எதற்கு. ஒரு நாள் பள்ளிக்கூடத்துக்குப் பொலிஸ் ஆட்கள் வந்து, ஸ்டேஷனுக்கு வரச் சொல்லிவிட்டுப் போனார்கள். தரம் நான்குப் பிள்ளைகளுக்குப் பின்னக் கணக்குச் சொல்லிக்கொண்டு நின்றவள் சோக்குக் கட்டியைக் கீழே வைத்துவிட்டு, அதிபரிடம் சொல்லிவிட்டு, நேராக வீட்டுக்கு வந்து, “அத்தை, புள்ளயத் தூக்கிக்கிட்டு என் கூட வாறீங்களா” என்று கேட்டாள். அவ்வளவுதான் கேட்டாள். அழவும் இல்லை, உன்னைத் திட்டவும் இல்லை. ஸ்டேஷனிலிருந்து அன்றைக்கே நீதவான் முன்னால் கொண்டு போனார்கள். கசிப்புச் சாராயம் காய்ச்சினவன், மாடு திருடினவன், போதைத்தூள் வைத்திருந்த பொடியன்கள், அவர்களுக்கு நடுவில் பள்ளிக்கூடச் சேலையோடு இவள். பிள்ளைக்குப் பால் நேரம். கேஷனா வெளியே என் தோளில் கிடந்து கத்துகிறாள், உள்ளே கூண்டுக்குள் அவள் சேலை நெஞ்சில் நனைகிறது, கையைக் குறுக்கே கட்டி மறைத்துக்கொண்டு நிற்கிறாள். கதவு வழியாக அதை நான் பார்த்தேன் மகனே. தோட்டத்துப் பிள்ளை மடுவத்தில் எத்தனையோ பேர் பிள்ளைகளைப் பார்த்துக்கொண்டவள் நான், பால் கட்டிக்கொண்டு மலையிலிருந்து ஓடி வரும் தாய்மார்களைப் பார்க்காத நாள் இல்லை. ஆனால் அவர்களுக்கு ஓடி வர வழி இருந்தது.

அவள் அண்ணனும் உன் அப்பாவும் பிணை நின்று கூட்டி வந்தோம். அன்றிலிருந்து தவணை, தவணை, தவணை. ஒவ்வொரு தவணைக்கும் அவள் லீவு போட வேண்டும், நான் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு கூடப் போக வேண்டும், காலையில் போனால் பெயர் கூப்பிட மத்தியானம் ஆகும், கூப்பிட்டவுடன் இன்னொரு தேதி சொல்வார்கள், வந்துவிட வேண்டும். இதற்குள் அவளோடு சேர்ந்த ஆசிரிய உதவியாளர்களுக்கெல்லாம் நிரந்தர நியமனம் வந்தது. இவளுக்கு மட்டும் நிறுத்தி வைத்து, வழக்கு முடிந்ததற்கு அத்தாட்சி கொண்டு வரச் சொன்னார்கள். குற்றவாளி என்று தீர்ப்பு வந்தால் இருக்கிற வேலையும் இல்லை. தோட்டத்து லய வீட்டிலிருந்து படித்து மேலே வந்த பிள்ளை, அவள் அப்பா அம்மா விடியலில் வேலைக்குப் பெயர் பதிகிற பெரட்டுக்களத்தில் கால் கடுக்க நின்று படிக்க வைத்த பிள்ளை. அந்த வேலை போனால் அது அவள் ஒருத்தியோடு போகிற காரியமா?

பதுளையில் முஷ்ரிபா மிஸ் என்று ஒரு சட்டத்தரணி, வயது குறைவுதான், ஆனால் நிதானமான பிள்ளை, என்னை அம்மா என்றுதான் கூப்பிடுவார். அவர்தான் எனக்குப் புரிகிற மாதிரி எடுத்துச் சொன்னார். “செக் திரும்பி வந்துட்டா மட்டும் அது குத்தம் ஆகாது அம்மா. பேங்க்ல காசு இல்லைன்னு தெரிஞ்சிக்கிட்டே, ஏமாத்துற எண்ணத்தோட குடுத்தாத்தான் குத்தம். இவங்க அந்தக் கடைப்பக்கமே போகல, செக்கைக் குடுக்கவும் இல்ல, எழுதவும் இல்ல, வெறும் கையெழுத்துத்தான் போட்டிருக்காங்க.” இதை நீதவானிடம் சொல்லி ஆரம்பத்திலேயே விடுவிக்கக் கேட்டுப் பார்த்தார். கையெழுத்து அவளுடையதுதானே, மற்றதை விசாரணையில் பார்ப்போம் என்று கட்டளை ஆகிவிட்டது. விசாரணை என்றால் எத்தனை வருஷமோ யாருக்குத் தெரியும். அந்தக் கட்டளையை எதிர்த்து மேல் நீதிமன்றத்துக்கு மீளாய்வுக்குப் போகலாம், அடித்தளமே இல்லாத வழக்கு என்று காட்டினால் விசாரணைக்கு முன்பே முழுதாக இரத்துச் செய்ய அவர்களுக்கு அதிகாரம் உண்டு என்று மிஸ் சொன்னார். ஆனால் வாயால் சொன்னால் போதாது, செக்கை எழுதினவர் யார், கொண்டு போய்க் கொடுத்தவர் யார் என்று நேரில் அறிந்த ஒருவர் சத்தியக்கடதாசி கொடுக்க வேண்டும். அதைக் கொடுக்க எல்லோரையும் விடத் தகுதியானவர் அவருடைய புருஷன்தான், தூதரகத்துக்குப் போய் ஒரு கையெழுத்துப் போட்டு அனுப்பச் சொல்லுங்கள் என்றார்.

அதைத்தான் உன்னிடம் கேட்டேன். நீயும் சரி அம்மா என்றாய். அடுத்த வெள்ளி போகிறேன் என்றாய், பிறகு சூப்பவைசர் லீவு தரவில்லை என்றாய், பிறகு போய்ப் பார்த்தேன் தூதரகம் பூட்டியிருந்தது என்றாய். நானும் ஒவ்வொரு தரமும் நம்பி அவளிடம் போய்ச் சொன்னேன். அவள் ம் என்பாள். கடைசியாக நீ பேசிய நாள் உனக்கு நினைவிருக்கும். நான் கோயிலுக்குப் போகிற வழியில் தேயிலைக்கு நடுவில் நின்றுதான் பேசினேன், சிக்னல் அங்கேதான் கிடைத்தது. “அம்மா, யாராச்சும் கேட்டா ஒனக்கு ஒன்னும் தெரியாதுன்னு சொல்லிரு. அவ டீச்சர், கைப்புள்ளக்காரி, அவளுக்குப் பெருசா ஒன்னும் பண்ண மாட்டாங்க. நான் மாட்டுனா வேலையும் போயிரும், நாட்டுக்கு வந்து எறங்கவும் ஏலாது” என்று சொன்னாய். சரிடா சாப்பிட்டியா என்றுதான் கேட்டேன். போனை வைத்த பிறகுதான், என் மகன் என்னிடம் என்ன சொன்னான் என்பதே எனக்கு உறைத்தது. அப்படியே கோயிலுக்குப் போகாமல் திரும்பி வந்துவிட்டேன். அதற்குப் பிறகு நீ போனே எடுக்கவில்லை.

எனக்கு ஒன்றும் தெரியாது என்று நான் எப்படிச் சொல்வது? கேஷனா பிறக்கிறதற்கு முன்னால் பிரஷர் ஏறி நிரஞ்சலாவைப் பதுளை ஆஸ்பத்திரியில் வைத்திருந்தார்களே, அப்போது எல்ல வீட்டுக்கு லைட் பில்லும் வேலை செய்கிற பொடியன்களுக்குச் சம்பளமும் கட்ட வேண்டும் என்று நீ செக் புத்தகத்தைக் கொண்டு போய் நீட்டினாய். சேலைன் ஊசி ஏற்றின கையோடு அவள் இலை இலையாகக் கையெழுத்துப் போட்டாள், நான் கட்டில் பக்கத்தில்தான் நின்றேன். அன்றைக்கே நம் வீட்டுக்கு வந்து நீ மேசையில் உட்கார்ந்து அதில் மூன்றை நிரப்பினாய். நான் அவளுக்குக் கொண்டு போகக் கஞ்சியை வடித்துக்கொண்டிருந்தேன். என்னடா எழுதுற என்றேன், “மர்ஸூக் முதலாளிக்கு செக் அம்மா, சீசன் வந்தாச் சரியாயிரும்” என்றாய். நானும் கஞ்சிப் போத்தலை மூடிக்கொண்டு போய்விட்டேன். நீ கெட்ட எண்ணத்தோடு எழுதினாய் என்று நான் இன்றைக்கும் நம்பவில்லை. எல்லவில் வெள்ளைக்காரர்கள் தெருவெல்லாம் நிறைந்து நடந்த காலம் அது, யாருக்குத்தான் ஆசை வராது. வெல்லவாயப் பாதையில் மண் சரிந்து, ரயிலும் நின்று, புக் பண்ணினவர்கள் எல்லோரும் ரத்துப் பண்ணியது உன் குற்றம் இல்லை. ஆனால் நீ விமானம் ஏறின நாளில் அந்தச் செக்குகள் கடைக்காரர் பெட்டியில் இருக்கின்றன என்று உனக்குத் தெரியும். அவளிடம் ஒரு வார்த்தை சொல்லவில்லை. அதைத்தான் என்னால் விழுங்க முடியவில்லை.

நான் சத்தியக்கடதாசி கொடுக்கப் போகிறேன் என்று சொன்ன அன்றைக்கு வீட்டில் பெரிய சண்டை. உன் அப்பா சாப்பிட்ட தட்டைத் தள்ளிவிட்டு எழுந்தார். “தனம், அதுக்குப் பேருதான் காட்டிக் குடுக்குறது. பெத்தவ செய்யிற வேலையா இது? அவனே அங்க ஒத்தையில கெடக்குறான்” என்று கத்தினார். எனக்கும் ஆத்திரம் வந்துவிட்டது. “அவ கூண்டுல நின்னப்போ நம்ம பேத்தி என் தோள்ல கெடந்து கத்துனா. நீங்க அங்க இல்ல, கையெழுத்து வச்சிட்டு டீ குடிக்கப் போயிட்டீங்க. நான்தான் ரெண்டையும் பார்த்துக்கிட்டு நின்னேன்” என்றேன். அதற்குப் பிறகு அவர் என்னோடு பேசுவதை விட்டுவிட்டார். சோறு வேண்டும் என்றால் கேஷனாவிடம் சொல்வார், பிள்ளைக்கு அப்போது பேச்சே வராது. நிரஞ்சலாவும் வேண்டாம் என்றுதான் சொன்னாள். “வேணாம் அத்தை. நாளைக்கு அவரு வந்து, என் அம்மாவையே எனக்கு எதிராத் திருப்பிட்டான்னு என்னயத்தான் சொல்லுவாரு. நான் கேஸைப் பேசிக்கிறேன், வருஷம் போனாப் போகட்டும்.” இப்படிச் சொல்லிவிட்டுப் பிள்ளைகளின் பயிற்சிக் கொப்பிகளை எடுத்து வைத்துத் திருத்த ஆரம்பித்துவிட்டாள். அந்த நாட்களில் எனக்கு ஒரு இடத்தில் உட்கார முடியவில்லை. கூட்டின வாசலையே திரும்பக் கூட்டுவேன். மலைக்குக் கொழுந்து பறிக்கப் போகிறவர்களோடு காரணமில்லாமல் தண்ணீர்ப் பீலி வரைக்கும் நடந்து போய்விட்டுத் திரும்பி வருவேன். உன்னைச் சுமந்த வயிறு ஒரு பக்கம் இழுக்கிறது, அவள் நின்ற நிற்பு மறுபக்கம் இழுக்கிறது. கடைசியில் ஒரு காலையில் சேலை மாற்றிக்கொண்டு பதுளை பஸ்ஸில் ஏறிவிட்டேன். முஷ்ரிபா மிஸ் நான் சொன்னதை எழுதி, எனக்கு இரண்டு தரம் வாசித்துக் காட்டி, “அம்மா, இது உங்க மகனுக்குப் பாரமா வரும். தெரிஞ்சுதானே போடுறீங்க?” என்று கேட்டார். தெரிஞ்சுதான் மிஸ் என்றேன். சமாதான நீதவான் முன்னால் சத்தியம் பண்ணிக் கையெழுத்து வைத்தேன். வெளியே வந்து கடையில் ஒரு பிளேன்டீ குடித்துவிட்டுப் பஸ் ஏறினேன்.

அதோடு விடவில்லை, மர்ஸூக் முதலாளியையும் போய்ப் பார்த்தேன். எல்ல வீட்டின் சொந்தக்காரர் தன் ஸ்டோரில் அடுக்கி வைத்திருந்த கட்டில், மெத்தை, பெட்டி எல்லாவற்றையும் நிரஞ்சலாவின் அண்ணன் லொறி பிடித்து ஏற்றி வந்தான், நானும் லொறியின் முன் சீட்டில் உட்கார்ந்து போய், அந்த மனுஷனின் கடை வாசலில் இறக்கினோம். மெத்தை இரண்டில் பூஞ்சணம் பிடித்திருந்தது. அவர் என்னைத் திட்டுவார் என்று நினைத்துத்தான் போனேன். அவர் ஒரு கதிரையைத் தூக்கிப் போட்டு உட்காரச் சொன்னார். உன் செக்கை நம்பி அவர் கொழும்புக்குக் கொடுத்த செக்கும் திரும்பி, அவர் கடையிலும் ஆள் வந்து நின்றதாம், அந்தக் கோபத்தில்தான் பொலிஸுக்குப் போனாராம். செக்கை அவள் தரவில்லையே முதலாளி என்றேன். அதற்கு அவர் சொன்னார், “அந்தப் புள்ள என்ட கடை வாசல்படி மிதிச்சதே இல்ல அக்கா, அது உண்மை. ஒங்கட மகன்தான் தந்த. இப்ப பேங்க்ல சல்லி இல்ல முதலாளி, சீசன் வந்தாப் பொறகு போடுங்க எண்டு என்ட மொகத்தப் பார்த்துத்தான் சென்ன. நானும் சரியெண்டுதான் வாங்கி வெச்ச. பொலிஸ்ல நான் இதெல்லாம் செல்லல்ல, பேர் யாரு எண்டு கேட்டாங்க, செக்கக் காட்டின.” இதைக் கோட்டில் சொல்வீர்களா என்று கேட்டேன். “பொய் செல்லச் செல்லி யாரும் என்னக் கேக்கல்லயே” என்றார். சொன்னபடியே தன் சட்டத்தரணி மூலமாக எழுதிக் கொடுத்தார். எல்லோரும் அவரைக் கல்நெஞ்சன் என்று பேசினோம், நானும் பேசினேன்.

செவ்வாய்க்கிழமை மேல் நீதிமன்றத்தில் நாங்கள் இரண்டு பேர் மட்டும்தான் பிள்ளையோடு போனோம். அங்கே கூட்டம் குறைவு, சத்தமும் குறைவு, அந்த அமைதியே எனக்குப் பயமாக இருந்தது. முஷ்ரிபா மிஸ் சிங்களத்தில் நெடுநேரம் பேசினார். எல்லாம் எனக்குப் புரியவில்லை, “அம்மா” என்ற சொல்லும் உன் பெயரும் மட்டும் திரும்பத் திரும்பக் காதில் விழுந்தன. அரசாங்கச் சட்டத்தரணி எழுந்து ஏதோ சொன்னார், மர்ஸூக் முதலாளியின் சட்டத்தரணி எழுந்து ஆட்சேபணை இல்லை என்றார். பிறகு நீதிபதி காகிதத்திலிருந்து தலையைத் தூக்கி, இந்தச் சத்தியக்கடதாசி கொடுத்தவர் வந்திருக்கிறாரா என்று கேட்டிருக்கிறார், மிஸ் என்னைப் பார்த்தார். பிள்ளையை நிரஞ்சலாவிடம் கொடுத்துவிட்டு எழுந்து நின்றேன். மொழிபெயர்ப்பவர் தமிழில் கேட்டார், “நீங்கள் சொல்வது உங்கள் மகனைப் பற்றி என்பது உங்களுக்கு விளங்குகிறதா, யாராவது சொல்லிக் கொடுத்துச் செய்தீர்களா?” “யாரும் சொல்லிக் குடுக்கலைங்க ஐயா. அவன் என் மகன்தான். எழுதுனது அவன்தான், நான் கண்ணால பார்த்தேன். இந்தப் புள்ளைக்கு ஒன்னும் தெரியாதுங்க” என்றேன். நீதிபதி என்னைக் கொஞ்சம் பார்த்தார், தலையை ஆட்டி உட்காரச் சொன்னார். மத்தியானத்துக்கு முன்னால் கட்டளையை வாசித்தார். செக்கைக் கொடுத்தது அவள் இல்லை, வாங்கினவரும் பணம் இல்லை என்று அறிந்தே வாங்கியிருக்கிறார், அவள் ஏமாற்றினாள் என்பதற்கு முறைப்பாட்டில் ஒரு வரிகூட இல்லை, ஆகவே அவள் மேல் நீதவான் நீதிமன்றத்தில் நடக்கிற நடவடிக்கை எல்லாம் இரத்து என்று மிஸ் என் காதில் தமிழில் சொல்லிக்கொண்டே வந்தார். அதற்குப் பின்னால் இன்னும் ஒரு வரி இருந்தது. செக்கை உண்மையில் எழுதிக் கொடுத்தவரைப் பற்றிப் பொலிஸார் சட்டப்படி விசாரிக்க இந்தக் கட்டளை தடையில்லை என்று. அதைச் சொல்லும்போது மிஸ் என் கையைப் பிடித்துக்கொண்டார்.

வெளியே வந்தால் வராந்தாவின் கடைசித் தூணுக்குப் பக்கத்தில் உன் அப்பா நிற்கிறார். எங்களுக்குப் பிறகு வந்த பஸ்ஸில் வந்து, உள்ளே வராமல், காலையிலிருந்து அங்கேயே நின்றிருக்கிறார். நிரஞ்சலாவைப் பார்த்து, “முடிஞ்சிருச்சாம்மா?” என்று கேட்டார். முடிஞ்சிருச்சு மாமா என்றாள். பிள்ளையை அவர் வாங்கிக்கொண்டார். பிறகு என்னைப் பார்க்காமலே, “தனம், நீ ஒன்னும் சாப்பிட்டிருக்க மாட்ட” என்று சொல்லிக் கடைப்பக்கம் நடந்தார். அவர் முதுகைப் பார்த்துக்கொண்டு நடந்தபோதுதான் எனக்கு அழுகை வந்தது. நிரஞ்சலா எங்களோடு சாப்பிடவும் வரவில்லை, அரை நாள் லீவுதான் போட்டிருக்கேன் அத்தை, தாமதமானாலும் போய்ச் சொல்லிவிட வேண்டும் என்று பள்ளிக்கூடத்துக்குப் பஸ் ஏறிவிட்டாள். மறுநாள் கட்டளையின் பிரதிக்கு விண்ணப்பித்தாயிற்று, அது கையில் கிடைத்ததும் நியமனத்துக்குக் கொடுப்பாள்.

இனிமேல் சொல்வது உன் காரியம். வெள்ளிக்கிழமை பொலிஸிலிருந்து இரண்டு பேர் வந்தார்கள், மரியாதையாகத்தான் பேசினார்கள். நீ எந்த நாட்டில், எந்தக் கம்பனியில் இருக்கிறாய் என்று கேட்டார்கள். எனக்குத் தெரிந்ததைச் சொன்னேன். வாசித்தவுடன் நெஞ்சு எரியும் என்று தெரியும். நான் ஒரு இடத்தில் உண்மையும் இன்னொரு இடத்தில் பொய்யும் சொல்ல முடியாது மகனே. ஆனால் கேள், முஷ்ரிபா மிஸ்ஸிடம் உன்னைப் பற்றியும் கேட்டுவிட்டேன். மர்ஸூக் முதலாளி இப்போது எழுதிக் கொடுத்திருக்கிறாரே, பணம் இல்லை என்று நீ முகத்துக்கு நேரே சொன்னதாக, அதே சொல் உனக்கும் கைகொடுக்கலாமாம். ஏமாற்றும் எண்ணம் இல்லை என்று நீயும் நிற்கலாம், ஆனால் நிற்பதற்கு ஆள் வேண்டும், ஓடி ஒளிகிறவனுக்கு யாரும் வழக்குப் பேச முடியாது என்றார். கட்டுநாயக்கா விமான நிலையத்தில் இறங்கியவுடன் பிடித்துக்கொண்டு போவார்கள் என்று பயந்துதானே இருக்கிறாய், முன்கூட்டியே மிஸ்ஸோடு பேசிவிட்டு வந்தால், அவரே நேராகக் கூட்டிப் போய் ஆஜராக்கிப் பிணை கேட்பாராம். எல்லாம் சுலபம் என்று அவரும் சொல்லவில்லை, நானும் சொல்லவில்லை. அவர் போன் நம்பரைப் பின் பக்கத்தில் பெரிதாக எழுதியிருக்கிறேன். முதலில் அவருக்குப் போன் போடு, பிறகு எனக்கு. என்னோடு பேச மனமில்லை என்றால் அவரோடு மட்டுமாவது பேசு.

நிரஞ்சலாவிடம் இந்தக் கடிதத்தில் ஏதாவது எழுதவா என்று இப்போதுதான் போய்க் கேட்டேன். பாடக் குறிப்பு எழுதிக்கொண்டிருந்தாள். “கேஷனா நடக்க ஆரம்பிச்சிட்டான்னு எழுதுங்க அத்தை. வேற ஒன்னும் வேணாம்” என்றாள். நான் வாசல் வரைக்கும் வந்த பிறகு கூப்பிட்டு, “அவரு திரும்பி வந்தா நான் பேசுவேனா மாட்டேனான்னு கேட்டா, எனக்கே தெரியாதுன்னு எழுதுங்க” என்றாள். அவள் சொன்னபடியே எழுதிவிட்டேன், ஒரு சொல் கூட்டவும் இல்லை, குறைக்கவும் இல்லை. அவளிடம் நான் உனக்காகக் கெஞ்சவும் மாட்டேன், அது உங்கள் இரண்டு பேரின் காரியம். கேஷனா கட்டில் காலைப் பிடித்துக்கொண்டு நான்கு எட்டு வைக்கிறாள், ஐந்தாவதில் விழுந்துவிட்டு யாராவது பார்த்தார்களா என்று சுற்றிப் பார்த்துவிட்டுத்தான் அழுகிறாள். அப்பாவுக்கு இருமல் இன்னும் விடவில்லை, மருந்து கொடுத்தால் ஜன்னலால் வெளியே ஊற்றுகிறார். இந்த வாரம் மழை அடங்கவே இல்லை, மேல் லயத்துப் பக்கம் மதில் சரிந்து இரண்டு குடும்பம் பள்ளிக்கூடத்தில் இருக்கின்றன, நமக்கு ஒன்றும் இல்லை, நீ யோசிக்காதே. நீ அங்கே வெயிலில் வெறும் வயிற்றோடு வேலைக்குப் போகாதே. கூட இருக்கிறவர்களிடம் கோபத்தில் எதையும் பேசாதே. சம்பளத்தை யார் கேட்டாலும் கைமாற்றாகக் கொடுக்காதே, எந்தக் காகிதத்திலும் முழுதாக வாசிக்காமல் கையெழுத்துப் போடாதே, யாரையும் போட வைக்காதே.

பெற்ற வயிறு உன்னைச் சபிக்காது துஷாந்த். என் ஆயுளில் மிச்சம் இருப்பதும் உனக்கும் உன் பிள்ளைக்கும் சேரட்டும், முத்துமாரி உன் கூடவே நடக்கட்டும். நீ வருகிற நாளைச் சொல், நான் மிஸ்ஸோடு கட்டுநாயக்காவுக்கே வருகிறேன். உன் பெயரைக் கூப்பிட்டு நீ அந்தக் கூண்டில் ஏறுகிற அன்றைக்கும் கதவுக்குப் பக்கத்தில் நான் நிற்பேன், எத்தனை தவணை ஆனாலும் நிற்பேன், சோறு கட்டிக்கொண்டு வருவேன், பிணைக்கு அப்பாவைக் கூட்டி வருவேன். என்னைக் கேட்டால் மட்டும், பார்த்ததைத்தான் சொல்வேன்.

அப்பா சட்டை மாற்றிக்கொண்டு சும்மா வாசலில் நிற்கிறார், நாளைக்குத்தான் போக வேண்டும் என்று சொன்னாலும் கேட்காமல் இப்போதே பொட்டலத்தைக் கட்டச் சொல்கிறார். மறக்காமல் மிஸ்ஸுக்குப் போன் போடு.

உன் வரவுக்காகக் காத்திருக்கும்
அம்மா
க. தனலெட்சுமி